ஓடைக்கு அக்கரையில் என் பூட்டு

அன்பான விசுவாசிகளே, வெள்ளம் புரண்ட ஓடைக்கு அக்கரையில், கோயில் வாசலில், என் மனைவி கைக்குழந்தையோடு நனைந்து நின்றாள். கோயில் பூட்டியிருந்தது. சாவி இக்கரையில், என் சட்டைப் பையில் இருந்தது. பூட்டியவனும் நானே.

1967 ஐப்பசி. பரளச்சிப் பக்கம் ஒரு சிற்றூரில் பள்ளித் தலைமையாசிரியராகவும் சபைச் செயலாளராகவும் இருந்தேன். ஊருக்கு வெளியே, ஓடையைத் தாண்டி, பஸ் நிற்கும் இடத்தருகே எங்கள் பழைய ஓட்டுக் கோயில். அதற்குக் கதவு உண்டு, பூட்டு கிடையாது. பருத்தி எடுக்கும் பெண்கள் உச்சி வெயிலில் அங்கேதான் கஞ்சி குடிப்பார்கள். அருப்புக்கோட்டையிலிருந்து சேலை மூட்டையோடு வரும் நெசவாளர் உள்ளே தலை சாய்ப்பார். அம்மை குத்த வருகிறவரும் அங்கேதான் உட்காருவார். எந்தச் சாமி கும்பிடுகிறவர் என்று யாரும் கேட்டதில்லை. அந்தக் குளிர்ந்த தரை இன்றும் என் பாதத்தில் இருக்கிறது.

படித்த எனக்கு அதெல்லாம் ஒழுங்கீனமாகப் பட்டது. ஆட்டுக்கிடை போட வந்த கீதாரி ஒருவர் தூறலுக்கு ஆடுகளைத் தாழ்வாரத்தில் ஒதுக்கினார். அவரை விரட்டினேன். மறுநாளே பூட்டு வாங்கினேன்.

திருச்சுழியில் உள்ள தாய்வீட்டுக்குப் போயிருந்த என் மனைவி அன்று பஸ்ஸை விட்டு இறங்கியதும் மழை கொட்டியது. அழைத்துவரப் போன நான் ஓடைக்கரையை எட்டுமுன் வெள்ளம் வந்துவிட்டது. குழந்தைக்கு ஏற்கெனவே நெஞ்சுச் சளி. சாவியைக் கல்லோடு துண்டில் முடிந்து வீசினேன். பாதி ஓடையில் விழுந்தது. சேற்றில் முழங்காலிட்டேன். "ஆண்டவரே, என் பூட்டை உடையும்" என்பதற்கு மேல் வார்த்தை வரவில்லை.

நிமிர்ந்தபோது வாசலில் அந்தக் கீதாரி நின்றார், சுற்றிலும் ஆடுகள், கையில் கல். உடனே பூட்டை அடிக்கவில்லை. ஓடைக்கு மேலாக என்னைப் பார்த்தார். இரு கைகளையும் உயர்த்தி, அடியுங்கள் என்று சைகை செய்தேன்.

பொழுது சாயுமுன் வெள்ளம் வடிந்தது. ஓடினேன். ஆடுகளின் கதகதப்புக்கு நடுவே, கீதாரியின் கம்பளிக்குள், குழந்தை பால் குடித்துக்கொண்டிருந்தாள்.

"நல்ல பூட்டாத்தான் வாங்கியிருக்கீக வாத்தியாரய்யா, லேசுல விடல," என்றார் கீதாரி. "ஆட்டையும் உள்ள பத்திட்டேன். வையாதீக."

"அவுக எதுக்கு வையப் போறாக? புழுக்கையக் கூட்டி அள்ளப் போறதே அவுகதான்," என்றாள் என் மனைவி.

அள்ளினேன். பீடத்தின் அடிவரை கூட்டி அள்ளினேன். கண்ணீரும் வந்தது. ஆனால் அவரிடம் மன்னிப்புக் கேட்க என் படிப்பு விடவில்லை. காலையில் கேட்கலாம் என்றிருந்தேன். விடியுமுன் கிடையைக் கிளப்பிக்கொண்டு போய்விட்டார். பிறகு அவரை நான் பார்க்கவேயில்லை.

நான் அங்கிருந்தவரை அந்தக் கோயிலுக்கு மறுபடி பூட்டுப் போடவில்லை. மகள் இன்று பேரன் பேத்தி எடுத்துவிட்டாள். தேவன் என் ஜெபத்தைக் கேட்டார். நான் விரட்டிய மனிதரையே அனுப்பினார். துயரத்தில் இருக்கிறவர்களே, நம்பிக் கேளுங்கள். உதவி வரும். கொண்டு வருகிறவர் யாராக இருந்தாலும், அவர் கிளம்பிப் போகுமுன் கையைப் பிடித்து ஒரு வார்த்தை சொல்லிவிடுங்கள்.