எப்பிடோம் மாப்பிள்ளை

இன்று காலை ஆவுடையார்கோவிலில் எங்கள் வீட்டுக்கு என்னைப் பெண் பார்க்க வந்தார்கள். மாப்பிள்ளைக்குச் சிங்கப்பூரில் வேலை.

"எனக்கு வர்ற வொய்ஃப் பொறுமையோட எப்பிடோமா இருக்கணும்" என்றார்.

எனக்குப் புரியவில்லை. ஸ்பெல்லிங் கேட்டேன். சொன்னார்.

"ஓ, எபிடமியா? பொறுமைக்கே இலக்கணமா இருக்கணும்ங்கிறீங்க" என்றேன்.

சிரித்தார். "கடைசியில டி-ஓ-எம்-இ வருதுல்ல? அப்ப டோம்தாங்க. சிங்கப்பூர்ல நாங்கல்லாம் அப்படித்தான் சொல்லுவோம்."

என் போனில் அந்தச் சொல்லைத் தட்டி, எல்லார் முன்னாலும் ஒலிக்கவிட்டேன். போனும் எபிடமி என்றது.

மாப்பிள்ளையின் அம்மா கேசரித் தட்டைக் கீழே வைத்தார். "போன்ல எல்லாம் சரியாவா சொல்லுது, ஆத்தா?"

மதியம் தரகர் அப்பாவைக் கூப்பிட்டார். "பொண்ணு எதுத்துப் பேசுதாம். வேணாங்கிறாக."

அப்பா போனை வைத்துவிட்டு, "அவரு சொன்னபடியே நீயும் சொல்லிட்டுப் போயிருக்கலாம்ல?" என்றார்.

சரி, திருந்திவிடுகிறேன். மாப்பிள்ளைகள் தப்பாகச் சொல்லும் ஆங்கிலச் சொற்கள் உங்களுக்குத் தெரிந்தால் கீழே எழுதுங்கள். அடுத்தவர் வருவதற்குள் நானும் அதே தப்போடு சொல்லிப் பழக வேண்டும்.