சாய்ந்த கரும்பைத் தூக்கிய நாள்

எடப்பாடிப் பக்கம் பொங்கல் கரும்பு வைக்கிற யாரை வேண்டுமானாலும் கேட்டுப் பாருங்கள், முதலில் கரும்பு நேராக நிற்க வேண்டும் என்பார்கள். ருசியெல்லாம் அப்புறம். பொங்கல் பானைக்குப் பக்கத்தில் விறைப்பாக நிற்க வேண்டியது அல்லவா! கோணல் கரும்பை வியாபாரி கையால்கூடத் தொட மாட்டார்.

அந்த வருடம்தான் நான் முதன்முதலாகத் தனியாகச் செங்கரும்பு வைத்தேன். என் வீட்டுக்காரருக்குத் திருச்செங்கோட்டு ரிக் லாரியில் ஊர் ஊராகப் போய் ஆழ்துளைக் கிணறு போடுகிற வேலை. வடக்கே போனால் பொங்கலுக்குத்தான் வருவார். கிளம்பும்போது, "இந்த ஒரு வெள்ளாமை நீ பாரு. செரிப்படலைன்னா காட்டைத் தம்பிக்குக் குத்தகைக்கு உட்டுரலாம்" என்றார். தம்பி என்றால் என் கொழுந்தனார், பக்கத்துக் காட்டுக்காரர். அவரும் கரும்புதான் வைத்திருந்தார். நல்ல மனுஷன்தான், குறை சொல்ல மாட்டேன். அதற்காக என் காட்டில் இன்னொருவர் மம்பட்டி பிடிப்பதை நான் வரப்பில் நின்று பார்த்துக்கொண்டிருக்க முடியுமா? முடியவே முடியாது என்று மனசுக்குள் முடிச்சுப் போட்டுக்கொண்டேன்.

ஐப்பசியில் ஒரு விடியற்காலை அடித்தது பாருங்கள் ஒரு காற்று, மழையோடு! வெளிச்சம் வந்ததும் ஓடிப் போய்ப் பார்த்தேன். என் கரும்பு, கொழுந்தனார் கரும்பு, இரண்டும் படுத்துக் கிடந்தன.

அன்றைக்கென்று பார்த்துக் குமாரபாளையத்தில் கொழுந்தனாருடைய கொழுந்தியாளுக்குக் கல்யாணம். வாசலில் வேன் நிற்கிறது. எங்கள் வீட்டுச் சீர்த்தட்டை மூத்த மருமகள் நான்தான் தூக்க வேண்டும்.

சாய்ந்த கரும்பு சும்மா கிடக்காது. ஓரிரு நாளில் அதன் நுனி வானத்தைப் பார்த்து வளைய ஆரம்பிக்கும். வளைந்த பிறகு தூக்கிக் கட்டினாலும் அந்தக் கோணல் போகவே போகாது. இது எங்கள் ஊரில் எல்லோருக்கும் தெரியும். ஆனால் ஈரத்தில் தூக்கினால் வேர் அறுந்துவிடும் என்ற பயமும் எல்லோருக்கும் உண்டு.

"சேத்துல காலை வெச்சா வேரு அந்துருமுங்க அண்ணி. ஈரம் காயட்டும், நாளன்னைக்குப் பாத்துக்கலாம். ஏறுங்க வண்டியில" என்றார் கொழுந்தனார்.

"நீங்க போயிட்டு வாங்க. நான் வரலீங்க."

மாமியாருக்கு முகம் சிவந்துவிட்டது. "ஏம்புள்ள, கல்யாணம் பெருசா, கரும்பு பெருசா? அங்க நாலு பேரு கேட்டா நான் என்ன சொல்லட்டும்?"

"எனக்கு இன்னைக்குக் கரும்புதானுங்க அத்தை பெருசு."

வேன் போய்விட்டது. கூப்பிட ஆளில்லை, பாதிப் பேர் கல்யாணத்துக்கு, மீதிப் பேர் தறிக்கு. நான் சேற்றில் இறங்கினேன். நாலைந்து கரும்பைச் சேர்த்து அணைத்துத் தோளால் மெல்லத் தூக்க வேண்டும். அடியில் மண்ணைத் தள்ளி மிதிக்க வேண்டும். பிறகு சோகையையே, அதுதான் கரும்பின் காய்ந்த இலையையே, கயிறாக முறுக்கி, எதிர் வரிசைக் கரும்போடு சேர்த்துக் கட்ட வேண்டும். இரண்டு வரிசையும் ஒன்றையொன்று பிடித்துக்கொண்டு நிற்கும். சோகை கையெல்லாம் அறுத்தது. அதன் சுணைமுள் கழுத்தில் ஏறி அரித்தது. போன காற்றை வாய்க்கு வந்தபடி திட்டிக்கொண்டே கட்டினேன். உச்சிவெயிலுக்கு நிமிர்ந்து பார்த்தால் கால்வாசிகூட முடியவில்லை. அழுகை வந்தது. அழுதேன், ஆனால் கையை நிறுத்தவில்லை.

அப்போது வரப்பில் சலசலவென்று சத்தம். பார்த்தால் என் மாமியார், கல்யாணத்துக்குக் கட்டின பட்டுச் சீலையைத் தூக்கிச் சொருகிக்கொண்டு சேற்றில் இறங்குகிறார்!

"முகூர்த்தம் முடிஞ்சுது. மொதப் பந்தியில சாப்புட்டு பஸ் ஏறி வாரேன். சீர்த்தட்டை ஆரு தூக்குனாங்கன்னு கேக்காத, நாந்தான் தூக்குனேன். என்ன பாத்துட்டு நிக்கற? நீ தூக்கு, நான் கட்டறேன்."

மறுநாள் பொழுது சாய்வதற்குள் ஓர வரிசையைத் தவிர எல்லாம் நின்றுவிட்டது. கொழுந்தனார் கல்யாண விருந்தெல்லாம் முடித்து வந்து, ஈரம் காய்ந்த பிறகுதான் அவர் காட்டில் இறங்கினார். அவரும் பாடுபட்டுத்தான் கட்டினார். ஆனால் அதற்குள் நுனி திரும்பிவிட்டது.

மார்கழிக் கடைசியில் வியாபாரி வந்தார். என் கரும்பை ஓர வரிசை நீங்கலாக முழுசும் எடுத்துக்கொண்டார். கொழுந்தனார் காட்டை ஒரு நடை நடந்துவிட்டு, "இது மாட்டுக்குத்தானுங்க ஆகும்" என்று சொல்லிவிட்டுப் போனார். நான் ஜெயித்தால் துள்ளுவேன் என்று நினைத்திருந்தேன். என் கட்டுகளை லாரியில் ஏற்றக் கொழுந்தனார் கை கொடுத்தபோது எனக்கு அவர் முகத்தைப் பார்க்கவே முடியவில்லை.

போகியன்று வீட்டுக்காரர் வந்து சேர்ந்தார். அவரும் கொழுந்தனாரும் நானும் வரப்பில் நின்றோம்.

"அண்ணா, அடுத்த டிரிப்புக்கு நானும் ரிக்குக்கு வாரேன். எங்காட்டையும் அண்ணியே பாக்கட்டும்" என்றார் கொழுந்தனார்.

எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. "ஒண்ணும் வேண்டாங்க. அன்னைக்குத் தூக்க ஆளில்லாமத்தான் இந்தச் சேத்துல நின்னு அழுதேன். நீங்களும் போயிட்டா? விதைக் கரும்பு நான் தாரேன், சித்திரையில நடுங்க. இனி காத்தடிச்சா ஆரு ஊட்டுக் கல்யாணமா இருந்தாலும் செரி, ரெண்டு காட்டையும் அன்னைக்கே தூக்கிக் கட்டோணும்."

அவர் தலையைக் குனிந்துகொண்டு, "செரிங்க அண்ணி" என்றார்.

நான் வீட்டுக்காரர் பக்கம் திரும்பினேன். "நீங்க குத்தகைப் பேச்சை இனி எடுப்பீங்களா?"

"எடுப்பனா சாமி!" என்றார்.