நடுவரைப் பார்க்காமல் நடந்து வந்த ஐயா

ஐயாவின் முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிக்கு அச்சிடும் கல்வெட்டு என்ற நினைவு மலருக்கு, மகள் நான் எழுதவேண்டி வரும் என்று யார் கண்டது? அவர் கடைசியாக விளையாடப் போன அந்தச் சனிக்கிழமை காலை அவருடைய வெள்ளைக் காற்சட்டையை அழுத்திக் கொடுத்தவளே நான்தான்.

ஐயா மானிப்பாயில் பிறந்தவர். தகப்பனாரைச் சிறுவயதிலேயே இழந்து, தாய்மாமனின் ஆதரவில் படித்துச் சட்டத்தரணியானார். வேலை நாளில் கறுப்புக் கோட்டு, சனி ஞாயிறில் வெள்ளை உடுப்பும் கிரிக்கெட் மட்டையும். சாப்பாட்டு மேசைக்கும் கழுத்தில் ரை கட்டித்தான் வருவார். "வெள்ளைக்காரன் கப்பல் ஏறிட்டான், இந்தத் துரையை மட்டும் எனக்கெண்டு விட்டிட்டுப் போட்டான்" என்று அம்மா பகிடி பண்ணுவார்.

ஐயாவின் ஒரு பழக்கம் ஊரறிந்தது. பந்து மட்டையில் உரசி, பின்னால் நிற்பவர் பிடித்துவிட்டால், நடுவர் விரலை உயர்த்தும்வரை நிற்கமாட்டார். உரசிய சத்தம் ஒருவருக்கும் கேட்காவிட்டாலும், மட்டையைக் கக்கத்தில் வைத்துக்கொண்டு தானாகவே நடந்துவிடுவார். நீதிமன்றத்திலும் அதே கதைதான். தன் வாதத்துக்குப் பாதகமான பழைய தீர்ப்பையும் நீதவானுக்குத் தானே எடுத்துக் காட்டித் தோற்று வருவார். அம்மாவுக்குப் பற்றிக்கொண்டு வரும்.

யுத்தம் எங்களைக் கனடாவுக்குத் துரத்தியது. பார்க்டேலில் ஒரு மாடிக் கட்டடத்தில் ஐயாவுக்குக் காவல் வேலை கிடைத்தது. ஒருநாளும் சலித்துக்கொண்டதில்லை, அதற்கும் ரை கட்டிப் போனார். பிறகு வெக்ஸ்போர்ட்டுக்கு வந்தோம். அங்கே பூங்காவில் விளையாடும் பொடியன்கள் ஐயாவையும் சேர்த்துக்கொண்டார்கள். தன்னிலும் எவ்வளவோ இளையவர்களையும் ஐயா "நீர்" என்றுதான் கூப்பிடுவார். அவரைப் பார்த்து அவர்களும் தாங்களாக நடந்து வரப் பழகினார்கள்.

அந்தச் சனிக்கிழமை ஒரு பந்து பின்னால் நின்றவர் கைக்குப் போனதும் ஐயா மட்டையைக் கக்கத்தில் வைத்துக்கொண்டு நடந்தாராம். பட்டுவிட்டது என்றே எல்லோரும் நினைத்துக் கைதட்டினார்களாம். அடுத்து ஆடப் போனவரிடம், "நீர் போம் தம்பி, ஆட்டம் நிக்கக்கூடாது" என்றாராம். மரநிழலில் கதிரையில் அமர்ந்து தொப்பியை முகத்தில் கவிழ்த்துக்கொண்டார். நித்திரை என்று நினைத்து ஆட்டத்தைத் தொடர்ந்திருக்கிறார்கள். தேத்தண்ணி கொண்டுபோய் எழுப்பியபோது ஐயா இல்லை. மாரடைப்பாம்.

அட கடவுளே! நெஞ்சு நோகுது என்று ஒரு சொல் சொன்னால் என்ன குறைந்துவிடும்? ஐயா மீது எனக்குக் கோபம் கோபமாக வருகிறது.

பந்து வீசிய தம்பி செத்தவீட்டில் அழுதழுது சொன்னார்: "அக்கா, பந்து படவேயில்லை. எனக்குத் தெரியும். அங்கிள் நடந்தால் சரியாத்தான் இருக்குமெண்டு ஒருத்தரும் கேக்கேல்லை." அதற்குப் பிறகு அவர்களில் ஒருவரும் பூங்காப் பக்கம் போகவில்லை.

ஓடிவந்து உதவிய அயலவர்கள், அம்புலன்ஸ் ஊழியர்கள், கிரியைகளை நடத்திய குருக்கள், சமைத்து அனுப்பிய அன்ரிமார், எல்லோருக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி.

தம்பிமாரே, உங்களுக்குத் தனியாக ஒன்று. உங்களில் ஒரு பிழையும் இல்லை. அவ்வளவு நோவிலும் உங்கள் ஆட்டத்தைக் குழப்ப ஐயாவுக்கு மனம் வரவில்லை. வருகிற சனிக்கிழமை விளையாட வாருங்கள், மட்டையை நான் கொண்டு வருகிறேன். ஆனால் பந்து பட்டதோ படவில்லையோ, இனி யாராவது தானாக நடந்து வந்தால், கைதட்டுமுன் ஓடிப்போய் ஒருதரம் கேளுங்கள்: "என்ன, சுகமில்லையோ?"

மகள்