கொலிச் மட்ச்

இங்கே பிளேஸ்டோவில் எனக்கு முடிவெட்டும் யாழ்ப்பாணத்துச் சலூன்காரர் மெலிந்தவர். குரல் மட்டும் பெரியது. பேசும்போது கத்தரிக்கோலால் சீப்பில் தாளம் தட்டுவார். அன்று நான் முடிவெட்ட உட்கார்ந்தபோது கடை டிவியில் அமெரிக்கக் கால்பந்து. சீசன் முடிந்தபின் இரண்டு பல்கலைக்கழகங்கள் கிண்ணத்துக்காக மோதின.

"ஆர் விளையாடுகினம்?" என்று கேட்டார்.

"கொலிச் டீமுகள், அண்ணை."

"இந்தத் தடியங்களோ பள்ளிக்கூடப் பெடியள்?"

யாழ்ப்பாணத்தில் கொலிச் என்றால் பள்ளிக்கூடம்தானே. நான் விளக்குவதற்குள் அவர் தோற்றுக்கொண்டிருந்த நீலச் சட்டைகளின் பக்கம் சேர்ந்துவிட்டார்.

"தோக்கிற கொலிச்சுக்குத்தான் தம்பி சத்தம் வேணும்."

கடைசி நிமிடத்தில் ஒரு நீலச் சட்டை பந்தை அணைத்தபடி ஓடினான். சீப்பில் தாளம் பறந்தது. அவன் எல்லைக்கோட்டைத் தாண்டியபோது, ஒரு பக்கம் மட்டும் வெட்டிய தலையோடு நானும் கதிரையில் ஏறி நின்று கத்தினேன்.

மறுபக்கத்தை அவர் எப்போது வெட்டினார் என்பது இன்றுவரை எனக்கு நினைவில்லை.