ஹில்டிங்கின் நடை

ஒப்பனை நாற்காலியில் உட்கார்ந்ததும் ஹில்டிங் ரென்லுண்ட் காலணிகளைக் கழற்றிவிட்டு, கம்பளிக் காலுறைகளோடு கால்களை நீட்டிக்கொள்வார். கறுப்புக் காப்பியில் பாலாடைக்கட்டித் துண்டுகளை ஊறப்போட்டு, கரண்டியால் எடுத்துத் தின்றபடியே கேட்பார்: "இன்னைக்கு நான் யாரும்மா? சாகிறவனா, செத்தவனைப் பார்த்தவனா?"

ஸ்வீடன் தொலைக்காட்சியில் ஐம்பத்திரண்டு வருடங்களாக அவர் பெரும்பாலும் இந்த இரண்டில் ஒருவர். மற்றபடி பாதிரியார், படகோட்டி, கதவைத் திறந்து "அவர் வீட்டில் இல்லை" என்பவர். ஸ்டாக்ஹோம் சுரங்க ரயிலில் எதிரே இருப்பவர்கள் உற்றுப் பார்த்துவிட்டு, "நீங்க எங்க பல் டாக்டர்தானே?" என்பார்கள். "ராத்திரி பல் விளக்குறீங்களா இல்லையா?" என்று அதட்டுவார். வடக்கு ஸ்வீடன் ஆள், 'ஆமாம்' என்பதற்குப் பதில் 'ஷூப்' என்று மூச்சை உள்ளே இழுப்பார். எந்த வேடத்தையும் மறுத்ததில்லை. இருபது வருடமாக அந்த முகத்துக்குப் பவுடர் பூசுகிற எனக்குத் தெரியும்.

ஒரே ஒரு வேடம்தான் ஊருக்கு நினைவிருக்கிறது. எழுபத்தெட்டில் வந்த தொடரில் ரயில் நிலையக் காவலாளி. இடது காலை இழுத்து, அந்தப் பக்கக் கால்சட்டையைக் கையால் தூக்கித் தூக்கி நடப்பான். நாடே சிரித்தது. இன்றும் கடையில் யாராவது "நடந்து காட்டுங்க" என்றால், சுளுக்கு என்று நழுவிவிடுவார். பிகு என்றுதான் நினைத்திருந்தேன்.

சென்ற மார்ச்சில் அவருடைய சொந்த ஊரான லிக்செலெயில் படப்பிடிப்பு. சாப்பாட்டு மேசையில் இயக்குநர் மூவா கேட்டாள்: "ஹில்டிங், இந்தத் தாத்தா வேடத்துக்கு உங்க பழைய நடையைப் போடுங்களேன். ஜனங்க கொண்டாடுவாங்க."

"முடியாது."

அந்தச் சொல்லை அவர் வாயில் நாங்கள் கேட்டதே இல்லை.

"ஏன், கால் வலியா?"

"அது என் நடை இல்ல. எங்க அண்ணனோடது." தட்டைப் பார்த்துக்கொண்டே சொன்னார்.

அண்ணன் இவாருக்குச் சிறுவயதில் இளம்பிள்ளைவாதம். அந்த ஊர்த் தேவாலயத்தில் கோயில்பிள்ளையாக வேலை பார்த்தார். ஞாயிறுதோறும் சபையே பார்த்திருக்க, மெழுகுவர்த்தி ஏற்ற நடுவே நடந்து போக வேண்டியவர். தொடர் தொடங்கிய மூன்றாம் வாரம், அவர் நடந்தபோது பிள்ளைகளோடு பெரியவர்களும் சிரிப்பை அடக்க வாயைப் பொத்திக்கொண்டார்கள். மறுநாளே அவர் கல்லறைத் தோட்டத்தில் குழி வெட்டும் வேலையைக் கேட்டு வாங்கிக்கொண்டார்.

"அம்மா கடுதாசி போட்டா. நான் பதில் போடல. அந்த வாரந்தான் எனக்கு விருது அறிவிச்சிருந்தாங்க." நான் பூசிய பவுடரையும் மீறி அவர் காதுகள் சிவந்தன.

"அப்புறம் நீங்க அவர்கிட்ட பேசவே இல்லையா?" என்றேன்.

"பேசாம என்ன? கிறிஸ்மஸுக்குப் போவேன். பனியைப் பத்திப் பேசுவோம். நாப்பத்தஞ்சு வருஷமா பனியைப் பத்தி மட்டும்."

மறுநாள் காலை அண்ணன் வீட்டுக்கு என்னை வண்டி ஓட்டச் சொன்னார். கதவைத் திறந்த இவாருக்கு எண்பது வயதிருக்கும். "என்னடா, கிறிஸ்மஸ் முடிஞ்சு மூணு மாசமாச்சே?" என்றார். அடுக்களையில் காப்பி ஊற்றி, ஏலக்காய் ரொட்டியை எங்கள் பக்கம் தள்ளினார்.

"அண்ணே," என்றார் ஹில்டிங். "அந்த நடை... உன்னைக் கேக்காம எடுத்துட்டேன். தப்புதான்."

இவார் காப்பியை ஊதி ஆற்றினார். "ஊர் சிரிச்சது வலிச்சுது. இல்லைன்னா பொய். ஆனா அது போயிருச்சு. ஒண்ணுதான் போகல."

"சொல்லுண்ணே."

"எனக்கு இழுக்கிறது வலது காலு. நீ இடது காலை இழுத்த. பதினெட்டு வருஷம் ஒரே அறையில படுத்தவன். எந்தக் காலுன்னுகூட நீ பார்க்கலையேடா."

ஹில்டிங் கழுத்துவரை சிவந்து, மேசைத்துணியின் நுனியைச் சுருட்டிக்கொண்டிருந்தார். கடைசியில் இவாரே, "ரொட்டி ஆறுது, தின்னு" என்றார்.

வெளிவாசல்வரை வழியனுப்ப வந்தார். உருகி மறுபடி உறைந்த பனிப்பாதை. முன்னால் இவார், பின்னால் ஹில்டிங். அண்ணனின் வலது கால் பனியைத் தேய்த்து வெளிப்பக்கம் வளைந்து, ஒரு நொடி தயங்கி ஊன்றுவதை விட்டு அவர் கண் நகரவில்லை. ஒவ்வோர் அடிக்கும் குனிந்து குனிந்து பார்த்தபடி வந்தார்.

இவார் சட்டென்று திரும்பினார். ஹில்டிங் அவசரமாக முகத்தை நிமிர்த்தி, இலையில்லாத பிர்ச் மரத்தின் உச்சியைப் பார்த்தார்.