இடது சீட்: ஆள் உண்டு

பேய் என்றதும் சிரிப்பு வருகிறதா? சிரித்துக்கொள்ளுங்கள். நடந்தது நடந்ததுதான்.

நான் பாலுசாமி. பீளமேட்டில் கார் எலக்ட்ரானிக்ஸ் பட்டறை. காருக்குள் இருக்கும் கம்ப்யூட்டர் பெட்டிகளை லேப்டாப்பில் இணைத்து, அந்தந்த வண்டிக்கு ஏற்ப கோடிங் மாற்றித் தருவேன்.

போன தை மாதம் காங்கேயத்து வெங்கடபதி காரில் ஸ்பீடு, எச்சரிக்கை எல்லாம் காட்டும் மீட்டர் பெட்டி செத்துப்போனது. அது இல்லாமல் வண்டி ஸ்டார்ட் ஆகாது. புதுசு வரப் பத்து நாளாகும். அவர் மகள் பொற்கொடிக்கோ நிறைமாதம். அதனால் பழைய வண்டிகளை உடைத்து விற்பவரிடம், ஒரு காரில் கழற்றிய பெட்டியை வாங்கி மாட்டினேன்.

மதியம் 2:10. வண்டி ஸ்டார்ட் ஆனது. உடனே... டிங்... டிங்... டிங்...

பெல்ட் போடாத எச்சரிக்கை. லேப்டாப் திரையைப் பார்த்தேன். 'இடது சீட்: ஆள் உண்டு. பெல்ட்: இல்லை.'

சீட் காலி. சீட்டுக்கு அடியில் ஆள் இருப்பதைக் கண்டறியும் சென்சார் ஒயரைப் பிடுங்கினேன். அப்போதும் ஆள் உண்டு என்றது.

"ஏனுங்க, அந்தச் சத்தத்த நிறுத்திப்போடுங்க," என்றார் வெங்கடபதி. "வயித்தோட அம்மணி பெல்ட் போடமாட்டாளுங்க."

பலரும் கேட்பதுதான். ஒரு நிமிட வேலை. சத்தம் 'ஆம்' என்பதை 'இல்லை' ஆக்கினேன். 2:31. தானாகவே மறுபடி 'ஆம்' ஆனது. திரும்பவும் மாற்றினேன். 2:33... 'ஆம்'. 2:34... 'ஆம்'.

எனக்குக் கோபம் தலைக்கேறியது.

"யாரா இருந்தாலும் எறங்குங்க. இது என்ற பட்டறை."

இடது பெல்ட் மெல்ல நீண்டது... காலி சீட்டின் குறுக்கே... பாதியில் நின்றது.

வெங்கடபதி வெளியே ஓடிவிட்டார். நான் ஓடவில்லை. பெல்ட்டை இழுத்து நானே மாட்டினேன்.

க்ளிக்.

சத்தம் நின்றது. 2:41.

'இடது சீட்: ஆள் இல்லை.'

வெளியே போய் வெங்கடபதியிடம் சொன்னேன். "சத்தம் இருக்கட்டுங்க. வயித்துக்குக் கீழ இறக்கி அம்மணி பெல்ட் போட்டே ஆகோணும். இல்லீன்னா சாவி தரமாட்டேன்." முறைத்தார். பிறகு சரி என்றார்.

வேலைக்கு முன் பெட்டியில் இருக்கும் பழைய பதிவை நகல் எடுத்து வைப்பேன். படிப்பதில்லை. அன்று மாலை படித்தேன். 'பெல்ட் சத்தம்: இல்லை.' அந்தப் பெட்டி ஒலித்திருக்கவே கூடாது.

விற்றவருக்குப் போன் செய்தேன். லாரியில் மோதிய கார் என்றார். இடது சீட்டில் இருந்த பெண் மட்டும் இறந்திருக்கிறாள். பெல்ட் போடவில்லையாம்.

கோடிங்கை மாற்றும் பட்டறையின் எண் பெட்டியில் பதிவாகும்; சத்தத்தை நிறுத்தியவரின் பட்டறை எண்ணும் நகலில் இருந்தது.

என் எண்.