மகன் இருக்கும் பனியைப் பார்க்கப் போனேன்

சனிக்கிழமை காலை 10.20. அமெரிக்காவில், மான்மவுத் ஜங்ஷன் என்ற ஊரில் என் மகள் மீனா வீட்டிலிருந்து காரில் கிளம்பி, பிரின்ஸ்டன் ஜங்ஷனில் ரயில் ஏறினோம். அங்கிருந்து நியூவார்க் முப்பத்தெட்டு மைல். நூறு வருடத்துக்கு முன், ஜப்பானிலிருந்து முதன்முதலாகத் தென்துருவப் பனிக்குப் போனவர்களைப் பற்றி அங்கே ஓர் ஆவணப்படம். டிக்கெட் பன்னிரண்டு டாலர்.

என் மகன் சரவணன் அந்தப் பனியில்தான் இருக்கிறான், நம் நாட்டு ஆராய்ச்சி நிலையத்தில் சமையல்காரனாக. முகம் பார்த்து எட்டு மாதம். போன வாரம் போனில், “அடுத்த குழுவுக்கும் பேர் குடுக்கட்டுமாம்மா?” என்று கேட்டான். இன்று மூன்று மணிக்குக் கூப்பிடுவான். வேண்டாம் என்று சொல்லத்தான் இருந்தேன். அதற்குமுன் அவன் இருக்கும் இடத்தை ஒரு தடவை கண்ணால் பார்த்துவிட ஆசை.

“படத்துல தம்பி கரண்டியோட வந்து நிப்பான்னு பாக்குறியா?” என்றாள் மீனா.

“நிக்கட்டுமே, உனக்கென்னடி?”

12.30. படம் தொடங்கியது. சின்னக் கப்பல். முதல் தடவை பனி வழிமறித்துவிட்டது. ஊர் திரும்பாமல் சிட்னியில் கூடாரம் போட்டு மாதக்கணக்கில் கிடந்தார்கள். மறுபடி கப்பல் ஏறும்போது அவர்கள் முகத்தில் சிரிப்பு. சரவணன் கேட்டபோது அவன் குரலிலும் அதுதான் இருந்தது.

எட்டிய கடைசி இடத்தில் கொடி நட்டு, அந்த வெறும் வெள்ளையில் தலைகுனிந்து வணங்கினார்கள். நானும் செருப்பைக் கழற்றிவிட்டுக் கைகூப்பினேன்.

“அம்மா, இது தியேட்டர்மா!”

“அவங்க கும்பிடுறப்போ நான் எப்படிடி சும்மா உக்கார்றது?”

பக்கத்து இருக்கை ஜப்பானிய அம்மாள் என்னைப் பார்த்து மெல்லத் தலை தாழ்த்தினார்.

திரும்பும்போது நாய்களைப் பனியிலேயே விட்டுவிட்டுக் கப்பல் நகர்ந்தது. முருகா என்று வாய்விட்டே சொல்லிவிட்டேன். அவர்கள் ஊர் வந்து இறங்கியபோது ஏகக் கூட்டம். அதில் ஒரு தாயைக்கூடக் காட்டவில்லை.

2.40. ரயில் நிலையத்தில் மீனா போனில் வரைபடத்தைக் காட்டினாள்.

“சொன்னா திட்டாத. இவங்க போனது ஒரு சைடு, தம்பி இருக்கிறது ஆப்போசிட் சைடு.”

“அப்போ நான் பாத்தது?”

“அதே ஐஸ்தாம்மா. ரொம்ப தூரம் தள்ளி.”

வரைபடத்தில் அந்த இரண்டு இடத்துக்கும் நடுவே விரலால் அளந்தேன். சரியாக மூன்று மணிக்கு அழைப்பு வந்தது.

“அம்மா, பேர் குடுக்கவா?”

“குடுப்பா. ஆனா அவங்கள மாதிரி பாதி வழியில தங்கிடாத. வீட்டுக்கு வந்து நாலு நாள் என் முன்னால உக்காந்து சாப்பிடு. அப்புறம் போ.”

“யாரும்மா அவங்க?”

“உங்கக்கா சொல்லுவா” என்றேன். மீனா போனை வாங்கிக்கொண்டாள்.

அடுத்த மாதம் நான் கோவில்பட்டிக்குத் திரும்புகிறேன். அதற்குப் பிறகு இவளும் போனில் வரும் குரல்தான். ரயில் வரும்வரை அவள் கையைப் பிடித்துக்கொண்டே நின்றேன்.